ஓட்டக்காரனின் சட்டை

அந்தப் படத்தில் நாய்கள் துரத்துகிற இடம் வந்தால் தியேட்டரில் மூச்சு விடுகிற சத்தம்கூடக் கேட்காது. பணம் கொழுத்த நாலு பேர் சேர்ந்துகொண்டு, சிறையிலிருந்து ஒரு கைதியை ரகசியமாக வெளியே எடுத்துக் காட்டில் விட்டு, விளையாட்டுக்காக வேட்டையாடுவார்கள். முதலில் சுடுகிறவனுக்கு ஒரு வெள்ளிக் கோப்பை. மனுஷ உயிருக்கு ஒரு கோப்பை! எழுதினவன் கை விளங்காமல் போக என்று திட்டிக்கொண்டே ஜனங்கள் அதைத் திரும்பத் திரும்பப் பார்த்தார்கள். கைதி உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடுவான், பின்னால் நாய்க்கூட்டம் பாய்ந்து வரும்.

அந்த நாய்களைப் பற்றி ஒரு விஷயத்தைச் சொல்லிவிட வேண்டும். அவற்றுக்கு அந்த ஆளின் மேல் கொள்ளைப் பிரியம். படப்பிடிப்பு தொடங்குவதற்கு முன்பே அவன் தினமும் காலையில் வந்து அவற்றோடு ஓடிப்பிடித்து விளையாடுவான். பிடிபட்டால் குப்புற விழுந்துவிடுவான். நாய்கள் மேலே ஏறி, காது மூக்கு என்று பார்க்காமல் நக்கித் தீர்த்துவிடும். படத்தில் அவன் விழுகிற வரைக்கும்தான் வரும். கோபமாக இருக்கிற நாயை நம்பி ஒரு மனுஷனை முன்னால் ஓடவிட முடியாது, பிரியமாக இருக்கிற நாய்தான் விடாமல் துரத்தும் என்று நாய்க்காரர் சொல்வார். அந்தக் குரைப்பைக் கேட்டுத்தான் உலகமே நடுங்கியது.

அவனை எல்லோரும் ஓட்டக்காரன் என்றே கூப்பிட்டார்கள். கதாநாயகனுக்கு முழங்காலில் கோளாறு, பத்தடி ஓடினால் பதினோராவது அடியில் உட்கார்ந்துவிடுவார். ஆகவே முகம் தெரிகிற இடமெல்லாம் அவர், முதுகு தெரிகிற இடமெல்லாம் இவன். அதே உயரம், அதே தோள், அதே நடை. பின்னாலிருந்து பார்த்தால் கதாநாயகனின் அம்மாவே ஏமாந்துபோவாள் என்று கேலி பேசுவார்கள். இவன் சிரித்துக்கொண்டு போய்விடுவான். யாரையும் எதிர்த்துப் பேசத் தெரியாத பிறவி.

அவனுடைய மனைவிதான் அந்தப் படத்துக்குத் துணி தைத்தவள். டெய்லரக்கா என்றால் சாப்பாட்டுக்காரர் முதல் டைரக்டர் வரைக்கும் தெரியும். கைதியின் சட்டைதான் அவளுக்குப் பெரிய வேலை. வேட்டையின் முதல் நாள் சட்டை முழுசாக இருக்கும். இரண்டாம் நாள் கை கிழியும். மூன்றாம் நாள் முதுகு கிழிந்து, ரத்தமும் சேறுமாகத் தொங்கும். ஒவ்வொன்றிலும் இரண்டு வேண்டும், கதாநாயகனுக்கு ஒன்று, ஓட்டக்காரனுக்கு ஒன்று. ஒரு சட்டையைக் கிழித்துவிட்டு, அதே நீளத்துக்கு, அதே கோணலில், அதே பிசிறோடு இன்னொன்றைக் கிழிப்பது லேசுப்பட்ட காரியமா? அவள் கிழிப்பாள். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் மாட்டிவிட்டு, "எது எதுன்னு சொல்லுங்க பாக்கலாம்" என்று பந்தயம் கட்டுவாள். ஒருத்தரும் சொன்னதில்லை. சேறு அப்படியே இருக்க வேண்டும் என்பதால், காட்சி முடிகிற வரைக்கும் சட்டையைத் தண்ணீரில் நனைக்கக் கூடாது என்பது அந்தத் தொழிலின் சட்டம்.

மூன்றாம் நாள் ஓட்டத்தில் கடைசித் துண்டு மட்டும் பாக்கி இருந்தபோது மழை பிடித்துக்கொண்டது. படப்பிடிப்பை நிறுத்திவிட்டு, எல்லாரும் சட்டைகளைக் கழற்றி ஷெட்டுக்குள் ஒரே கயிற்றில் போட்டுவிட்டு வீட்டுக்குப் போனார்கள். மறுநாள் விடுமுறை. பாறையிலிருந்து குதித்தவன், எரிகிற குடிசைக்குள்ளிருந்து ஓடி வந்தவன், காலையில் பால் வாங்கப் போனான். தெருமுனையில் ஒரு தண்ணீர் லாரி பின்பக்கமாக வந்தது. அவ்வளவுதான். இதற்கு மேல் சொல்ல எனக்கு வாய் வரவில்லை, அவளுக்கு யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை, ஓடிப்போய் அவளே பார்த்தாள். பால் பாத்திரத்தை மட்டும் பக்கத்துக் கடைக்காரர் கொண்டுவந்து கொடுத்தார். அது நசுங்காமல் இருந்தது.

காரியமெல்லாம் முடிந்து அவள் ஒருநாள் ஷெட்டுக்குப் போய், கயிற்றில் தொங்கிய இரண்டு சட்டைகளையும் மோந்து பார்த்து, ஒன்றை எடுத்துக்கொண்டாள். "அக்கா, அதுதானான்னு நல்லாப் பாத்துக்குங்க" என்று உதவிக்கு இருந்த பெண் சொன்னாள். "பொண்டாட்டிக்குத் தெரியாதா?" என்று இவள் கேட்டாள்.

வீட்டில் துணி என்ற துணியையெல்லாம் நாத்தனார் துவைத்துப்போட்டிருந்தாள். அண்ணன் போன துக்கத்தில் கையைச் சும்மா வைத்துக்கொள்ளத் தெரியாமல், தலையணை உறை வரைக்கும் சோப்புப் போட்டு அலசிவிட்டாள். நல்லதென்று நினைத்துத்தான் செய்தாள். ஆனால் அன்று மாலை அலமாரியைத் திறந்த டெய்லரக்கா ஒவ்வொரு துணியாக எடுத்து மோந்து பார்த்தாள். எல்லாம் சோப்பு வாசனை. அந்த வீட்டில் அவன் வாசனை மிச்சமிருந்தது அந்தச் சேற்றுச் சட்டை ஒன்றில்தான்.

அதை ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டு, காற்றுப் போகாமல் முடிந்து, தையல் மிஷினின் இழுப்பறையில் வைத்துக்கொண்டாள். காலையில் ஒருமுறை திறப்பாள். முகத்தை உள்ளே விட்டு ஒரே ஒரு மூச்சு. உடனே பையை முடிந்துவிடுவாள். அடிக்கடி திறந்தால் தீர்ந்துபோகும் என்ற பயம். கழுத்துப்பட்டையில் லேசாகப் பவுடர் வாசனை வரும். அன்றைக்கு அவனுக்கும் கழுத்தில் பூசியிருப்பார்கள் என்று அவளாகவே நினைத்துக்கொண்டாள்.

ஒருநாள் நாத்தனார் கதவோரமாக வந்து நின்றாள். "அண்ணி, நானும் ஒரு தடவ மோந்து பாக்கட்டுமா?"

"வேணாம்."

"ஒரே ஒரு தடவ அண்ணி. எனக்கும் அண்ணன்தானே."

"நீதான் எல்லாத்தையும் தொவச்சியே, அது போதாதா?" என்றாள். சொன்ன பிறகு நாக்கைக் கடித்துக்கொண்டாள், ஆனாலும் பையைக் கொடுக்கவில்லை. நாத்தனார் அடுப்பங்கரைக்குப் போய்ச் சத்தம் வராமல் அழுதாள். துக்கத்தில் மனுஷர்கள் பங்காளிகளாகிவிடுகிறார்கள், என்ன செய்வது.

அப்படி இருக்கும்போதுதான் நாய்க்காரர் வீடு தேடி வந்தார். பெரிய மீசை, உடம்பெல்லாம் நாய் முடி. நாற்காலியின் நுனியில் உட்கார்ந்துகொண்டு டீயைக் கையிலேயே வைத்திருந்தார்.

"தங்கச்சி, எப்படிக் கேக்கறதுன்னு தெரியல."

"கேளுங்கண்ணே."

"புது ஆளு ஒருத்தனக் கொண்டாந்திருக்காங்க. அவன் ஓடறான், நாயிங்க உக்காந்து வேடிக்கை பாக்குது. அவன் விழுந்தா கொட்டாவி விடுது. மூணு நாளா இதே கூத்து. பெரியவ சோறே சரியாத் திங்கறதில்ல." பெரியவள் என்பது கூட்டத்தை நடத்துகிற பெட்டை நாய். "வண்டிச் சத்தம் கேட்டா வாசல் கேட்டுகிட்டப் போய் நிக்கிறா. அவரு வருவாருன்னு."

டெய்லரக்கா புடவைத் தலைப்பில் தொங்கிய நூலைப் பிய்த்தாள்.

"நாய்க்கு யாரு போய்ச் சொல்றது, சொல்லு. நான் சொல்லிப் பாத்தேன். தலைய ஆட்டுது, மறுபடி கேட்டுக்குப் போயிடுது." அவர் டீயை ஒரு வாய் குடித்தார். "இந்த ஒரு துண்டு கிடைக்கலன்னா, ஓட்டம் மொத்தத்தையும் முதல்லேர்ந்து வேற ஆள வெச்சு, வேற நாய வெச்சு எடுக்கப்போறாங்களாம். பாதி ஒருத்தரு, பாதி ஒருத்தருன்னா நடை ஒத்துவராதாம். அவரு ஓடினத எல்லாம் தூக்கிப் போட்டுடுவாங்க தங்கச்சி. அவரோட சட்டை ஒண்ணு உன்கிட்ட இருக்காமே. அத அந்த ஆளுக்குப் போட்டுவிட்டா, வாசனைக்கு நாயிங்க ஓடும்."

"ஓடினா சட்டை என்ன ஆகும்?"

நாய்க்காரர் பொய் சொல்லத் தெரியாதவர். "ஓடையில இறங்கி ஏறணும். அப்புறம் சேத்துல விழணும். ஒண்ணும் மிஞ்சாது."

அவர் போன பிறகு அவள் தையல் மிஷினின் முன்னால் உட்கார்ந்தே இருந்தாள். சட்டையைக் கொடுத்தால் வாசனை போய்விடும். கொடுக்காவிட்டால் அவன் ஓடியதெல்லாம் குப்பைக்குப் போய்விடும். வீட்டில் அவனுக்குச் சரியான போட்டோகூட இல்லை, எல்லாவற்றிலும் யார் பின்னாலோ நிற்பான். அவன் முழுசாக, உயிரோடு, கையை வீசிக்கொண்டு இருக்கிற ஒரே இடம் அந்தப் படம்தான். முதுகாக இருந்தால் என்ன? அந்த முதுகு அவளுக்குப் போதும். மறுநாள் காலை பையை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். போவதற்கு முன் நாத்தனாரைக் கூப்பிட்டு, முடிச்சை அவிழ்த்து, "மோந்துக்கோ" என்றாள். நாத்தனார் முகத்தை உள்ளே வைத்து, "அண்ணனேதான் அண்ணி" என்று விம்மினாள். அன்றைக்குத்தான் இரண்டு பேரும் கட்டிக்கொண்டு அழுதார்கள்.

படப்பிடிப்பு இடத்தில் எல்லாரும் எழுந்து நின்று வழிவிட்டார்கள். டைரக்டர் வந்து கையெடுத்துக் கும்பிட்டார். கதாநாயகன்கூட நாற்காலியை விட்டு எழுந்து வந்தார். புது ஆளுக்கு உதவிப் பெண் தைத்துக்கொடுத்திருந்த சட்டையைப் பார்த்ததும், அந்தத் துக்கத்திலும் டெய்லரக்காவுக்குக் கிழிசலின் கோணல் தப்பு என்று தெரிந்தது. பையைத் திறந்து, சட்டையை எடுத்து, நாய்க்காரரிடம் நீட்டினாள்.

நாய்க்காரர் அதைப் பெரியவளின் மூக்குக்குக் கிட்டே கொண்டுபோனார். பெரியவள் மோந்தாள். ஒரு தும்மல் தும்மினாள். முகத்தைத் திருப்பிக்கொண்டு போய் நிழலில் படுத்துவிட்டாள். மற்ற நாய்களும் ஒவ்வொன்றாக வந்து மோந்துவிட்டுப் போயின. ஒன்றின் வாலும் ஆடவில்லை.

"வாசனை போயிடுச்சு போல" என்றார் டைரக்டர்.

"இல்ல சார், நேத்துக்கூட இருந்துச்சு. இன்னிக்குக் காலைல கூட..." அவள் சட்டையைப் பிடுங்கி மோந்து பார்த்தாள். "இருக்கே! இதோ இருக்கே!"

நாய்க்காரர் தரையைப் பார்த்தார். கதாநாயகன்தான் தயங்கித் தயங்கிக் கிட்டே வந்தார். நல்ல மனுஷர். சட்டையின் கழுத்துப்பட்டையை மெதுவாகத் தொட்டுப் பார்த்தார். "அக்கா, தப்பா நினைக்காதீங்க. இந்தப் பவுடர் எனக்குத்தான் போடுவாங்க. இது... என்னோடது."

அவள் கையிலிருந்த சட்டையைப் பார்த்தாள். அச்சு அசலாகத் தைத்தது அவள். அச்சு அசலாகக் கிழித்தது அவள். யாரும் கண்டுபிடிக்க முடியாது என்று பந்தயம் கட்டியதும் அவள்தான். இத்தனை நாளும் ஒரு அந்நிய ஆம்பளையின் வேர்வையில் முகத்தைப் புதைத்து அழுதிருக்கிறாள், நாத்தனாருக்குக் கொடுக்காமல் பொத்திப் பொத்தி வைத்திருந்ததும் அதைத்தான். அழுகை வரவேண்டிய இடத்தில் அவளுக்குச் சிரிப்பு வந்தது. நிற்காமல் வந்தது. அதைப் பார்க்கச் சகிக்காமல் லைட் பிடிக்கிறவர்கள்கூடத் திரும்பிக்கொண்டார்கள்.

சிரிப்பு ஓய்ந்ததும், "அப்ப அவரோடது எங்க?" என்று கேட்டாள்.

உதவிப் பெண்தான் திக்கித் திக்கிச் சொன்னாள். கதாநாயகனின் காட்சிகள் முடிந்துவிட்டன, இனி அவர் சட்டை தேவையில்லை என்று, கயிற்றில் மிச்சமிருந்ததை எடுத்து வைக்கோல் பொம்மைக்குப் போட்டுவிட்டார்கள். பள்ளத்தில் தூக்கிப் போடுகிற காட்சிக்கான பொம்மை. காட்சி எடுத்தாகிவிட்டது. பொம்மை சாமான் ஷெட்டில் கிடக்கிறது.

ஷெட் கதவைத் திறந்ததுதான் தாமதம், நிழலில் படுத்திருந்த பெரியவள் தலையைத் தூக்கினாள். அடுத்த நொடி நாய்க்காரரின் கையிலிருந்த கயிறு பிடுங்கிக்கொண்டு போனது. மற்றவை பின்னாலேயே ஓடின. டெய்லரக்கா உள்ளே போனபோது, உடைந்த நாற்காலிகளுக்கும் பழைய திரைச்சீலைகளுக்கும் நடுவில், தலையில்லாத அந்த வைக்கோல் பொம்மையைச் சுற்றி நாய்கள் படுத்திருந்தன. பெரியவள் அதன் நெஞ்சின் மேல் மோவாயை வைத்துக்கொண்டு, சின்னக் குட்டி மாதிரி முனகிக்கொண்டிருந்தாள்.

அவள் மண்டிபோட்டு உட்கார்ந்து, பொம்மையின் தோளில் முகத்தை வைத்து மூச்சை இழுத்தாள். வைக்கோல் வாசனை வந்தது. தூசி வந்தது. இன்னொரு தரம் இழுத்தாள்.

"எனக்கு ஒண்ணுமே தெரியலையேண்ணே" என்றாள். "இதுங்களுக்குத் தெரியுது. எனக்குத் தெரியல."

நாய்க்காரர் மீசையைத் துடைத்துக்கொண்டார். வெளியே டைரக்டர் மெதுவாக, வெளிச்சம் போய்விடும் என்று யாரிடமோ சொல்வது கேட்டது. அவரையும் குற்றம் சொல்ல முடியாது.

அவள் பொம்மையிலிருந்து சட்டையைக் கழற்றினாள். புது ஆள் வாசலில் நின்றிருந்தான். பாவம், அவன் என்ன செய்வான். கையை நீட்டினான்.

"இல்ல" என்றாள் அவள். "நானே ஓடறேன்."

"டெய்லரம்மா, விளையாட்டு இல்ல" என்றார் டைரக்டர்.

"அவர் எப்படி ஓடுவார்னு எனக்குத் தெரியும் சார். வலது தோள் கொஞ்சம் முன்னால போகும், இடது கை அகலமா வீசும். அந்த வீச்சுக்குத்தானே சட்டைக் கையத் தொளதொளன்னு வெட்டினேன். உயரம் ரெண்டு விரல்தான் கம்மி. தூரத்திலேர்ந்துதானே எடுக்கறீங்க? இத இன்னொருத்தர் போட்டுப் பாக்க என்னால முடியாது. எனக்குத்தான் வாசனை தெரியல. ஒரு தடவ உடம்புலயாவது போட்டுக்கறேன்."

கையும் ஓடாமல் காலும் ஓடாமல் நின்ற டைரக்டர், கடைசியில் தலையை ஆட்டினார். படத்தில் அந்தக் கட்டத்தில் கைதியின் தலையில் காயக்கட்டு இருக்கும். அதனால் அவள் முடியைச் சுருட்டி உள்ளே தள்ளிக் கட்டுப் போட்டுவிட்டார்கள். கால்சட்டையை அவளே மடித்துத் தைத்துக்கொண்டாள். சட்டையைப் போட்டபோது தோள் தொங்கியது, சட்டைக் கை விரல் நுனி வரைக்கும் வந்தது. அவள் அதை மடித்துவிடவில்லை.

புல்வெளியின் அந்த முனையில் ஓடை, அதைத் தாண்டிச் சேறு, அதற்கப்புறம் மரங்கள். சேற்றில் குப்புற விழ வேண்டும். நாய்க்காரர் விசில் அடித்ததும் அவள் ஓடினாள்.

தையல் மிஷினில் உட்கார்ந்து பழகிய உடம்பு. பாதி தூரத்திலேயே நெஞ்சு அடைத்தது. வலது தோளை முன்னால் கொடுத்தாள், இடது கையை வீசினாள். பின்னால் குரைப்புச் சத்தம் கிளம்பியது. தியேட்டரில் கேட்டால் ஈரக்குலை நடுங்குகிற சத்தம்தான், ஆனால் அவளுக்கு அதன் சந்தோஷம் விளங்கியது. தினமும் அவன் கேட்டது இதைத்தான். ஓடையில் இறங்கினாள், இடுப்புவரை தண்ணீர். சட்டை நனைந்து உடம்போடு ஒட்டியது. போகிறது, இதோ போகிறது என்று நினைத்துக்கொண்டே ஏறினாள். சேற்றில் விழுந்தாள்.

நாய்கள் மேலே விழுந்தன. கழுத்தில், முதுகில், காதில் ஈர மூக்குகள், சூடான நாக்குகள். பெரியவள் கிழிசலுக்குள் மூக்கை விட்டு, அழுவது போலக் கத்தினாள். தூரத்தில் கேமராக்காரர் கையைத் தூக்கி, எல்லாம் கிடைத்துவிட்டது என்று சைகை காட்டினார். டெய்லரக்கா சேற்றிலிருந்து முகத்தைத் திருப்பி, மல்லாந்து, "வாடி" என்று பெரியவளுக்குக் கையை நீட்டினாள்.

பெரியவள் அவள் முகத்தைப் பார்த்தாள். ஒரு அடி பின்னால் போனாள். சட்டையை மோந்தாள், மறுபடி முகத்தைப் பார்த்தாள். கோபமில்லை, ஏமாற்றமும் இல்லை. அவன் சட்டையைக் கழற்றிக் கொடுத்துவிட்டு இன்னும் கொஞ்சம் தள்ளி ஒளிந்துகொண்டிருக்கிறான், இது ஒரு புது விளையாட்டு என்று நினைத்திருக்க வேண்டும். மூக்கைக் காற்றில் தூக்கினாள். பிறகு அவளைத் தாண்டி ஒரே பாய்ச்சலாக மரங்களை நோக்கி ஓடினாள். கூட்டம் முழுவதும் டெய்லரக்காவைத் தாண்டிக் குதித்து, அதே சந்தோஷத்தோடு குரைத்துக்கொண்டு பின்னால் போனது.

நாய்க்காரர் விசில் அடித்தார். மறுபடி மறுபடி அடித்தார். ஒன்றும் திரும்பவில்லை.

அங்கே அவன் இல்லை என்று டெய்லரக்காவுக்குத் தெரியும். தெருமுனையில் பார்த்தவள் அவள்தான், ஆஸ்பத்திரியில் தகரக் கட்டிலில் போர்வையை விலக்கிக் காட்டியபோது தலையை ஆட்டி, ஆமாம் என்று சொன்னவளும் அவள்தான். ஆனாலும் அந்தக் குரைப்பில் அவ்வளவு நிச்சயம் இருந்தது. அவள் கையை ஊன்றி எழுந்தாள். பின்னாலிருந்து யாரோ "அக்கா! போதும், வாங்க!" என்று கூப்பிட்டார்கள். அவள் காதில் போட்டுக்கொள்ளவில்லை. சேற்றில் வழுக்கி, எழுந்து, "இருங்க, நானும் வர்றேன்!" என்று கத்திக்கொண்டே நாய்களின் பின்னால் மரங்களுக்குள் ஓடினாள்.